கிரீன்ஸ்டெட் மரக் கோயில்

மனிதர்கள் தங்கள் வயதைக் குறைத்துச் சொல்வதற்கு எவ்வளவு பிரயாசை எடுத்துக்கொள்கிறார்களோ, அவ்வளவு பிரயாசை தங்கள் ஊர்க் கோயிலின் வயதைக் கூட்டிச் சொல்வதற்கும் எடுத்துக்கொள்கிறார்கள். தமக்கு ஐம்பது பிராயம் என்று யாராவது சொல்லிவிட்டால் முகம் சுளிக்கும் பெரிய மனிதர், தம் ஊர் ஆலயம் ஐந்நூறு வருஷத்தியது என்றால், "ஆயிரம் வருஷம் ஐயா!" என்று சண்டைக்கே வந்துவிடுவார். இந்த வியாதி நம்மவருக்கு மட்டும் உரியதன்று, இங்கிலாந்திலும் உண்டு. ஆனால் அந்தத் தேசத்துச் சிறு கிராமம் ஒன்றில், வயது குறைந்தும் பெருமை குறையாத ஒரு தேவாலயத்தைப் பார்த்தேன். அதைப் பற்றித்தான் நேயர்களுக்குச் சொல்ல விரும்புகிறேன்.

லண்டன் மாநகருக்கு வடகிழக்கே எஸ்ஸெக்ஸ் ஜில்லாவில் சிப்பிங் ஓங்கார் என்ற சிற்றூர் இருக்கிறது. அங்கிருந்து மேற்கே வயல் வெளிகளினூடே ஒரு மைல் நடந்தால் கிரீன்ஸ்டெட் கிராமம். பரிசுத்த அந்திரேயாவின் பெயரால் விளங்கும் அந்த ஊர்த் தேவாலயம் ஆங்கிலத் திருச்சபையைச் சேர்ந்தது. வானளாவிய கோபுரத்தையும் சித்திரம் தீட்டிய கண்ணாடி ஜன்னல்களையும் எதிர்பார்த்துப் போகிறவர்களுக்கு முதலில் சிறிது ஏமாற்றந்தான் உண்டாகும். வெள்ளை வர்ணம் பூசிய பலகைகளாலான ஒரு மணிக்கூண்டு. அதன் மேல் கூரிய சிகரம். பின்னால் செங்கல் ஓடு வேய்ந்த கூரை. அவ்வளவுதான். குடியானவர் வீடு ஒன்று சற்றே வளர்ந்து நிற்பது போன்ற தோற்றம். கூண்டில் தொங்கும் மணியில் 1618 என்று வருஷம் பொறித்திருக்கிறது.

அதிசயம் சுவரில் இருக்கிறது. ஜனங்கள் அமரும் நடுக்கூடத்தின் சுவர்கள் கல்லாலும் ஆனவையல்ல, செங்கல்லாலும் ஆனவையல்ல. பெரிய ஓக் மரங்களை நெடுக்குவாட்டில் இரண்டாகப் பிளந்து, ஒன்றன் பக்கத்தில் ஒன்றாகச் செங்குத்தாக நிறுத்தியிருக்கிறார்கள். அத்தகைய மரங்கள் 51. பிளந்த பக்கம் உள்ளே இருக்கிறது. உருண்டையான பக்கம் வெளியே இருக்கிறது. ஆகவே வெளியே நின்று பார்த்தால், காட்டு மரங்கள் தோளோடு தோள் சேர்ந்து காவல் நிற்பதுபோலத் தோன்றுகிறது. உள்ளே சென்றாலோ அதே மரங்கள் வாய்ச்சியால் செதுக்கிய சமமான சுவராகிவிடுகின்றன. இரண்டு மரங்கள் சேரும் இடத்தில் இரு பக்கமும் காடி எடுத்து, அதில் மெல்லிய ஓக் சட்டத்தைச் செருகியிருக்கிறார்கள். காற்றும் மழையும் புகாமல் தடுக்க அந்த நாளைய தச்சர் கண்ட உபாயம் இது. வெளிச் சுவரில் உள்ளங்கையை வைத்துப் பார்த்தேன். மரம் என்ற உணர்ச்சியே இல்லை. காய்ந்து, கறுத்து, வரி வரியாகப் பிளந்து, இரும்பைப்போல் இறுகியிருந்தது.

இந்தச் சுவர்களை ஒவ்வொரு தலைமுறையும் தனக்குத் தெரிந்தபடி போற்றி வந்திருக்கிறது. பீடம் இருக்கும் கீழ்ப்பகுதியை ஏறக்குறைய 1500ஆம் ஆண்டில் செங்கல்லால் எடுத்துக் கட்டினார்கள். அதன் அடியில் நார்மானியர் காலத்துச் சக்கிமுக்கிக் கற்கள் இன்றும் தெரிகின்றன. பழைய கூரை வைக்கோல் வேய்ந்தது. பிற்காலத்தார் அதை எடுத்துவிட்டு ஓடு போட்டார்கள். இருண்டிருந்த கூடத்துக்கு வெளிச்சம் வரக் கூரையில் ஜன்னல்கள் வைத்தார்கள். 1848இல் பார்த்தபோது, மரங்களின் அடிப்பாகம் உளுத்துப் போயிருந்தது. உளுத்ததை அறுத்து நீக்கி, கீழே செங்கல் வரிசை எழுப்பி, அதன்மேல் புதிய ஓக் உத்தரத்தைக் கிடத்தி, பழைய மரங்களை மறுபடி அதில் நிறுத்தினார்கள். முழுவதையும் இடித்துத் தள்ளிப் புதுக் கோயில் கட்டுவது அவர்களுக்கு எளிதாகவே இருந்திருக்கும். அப்படிச் செய்யாமலிருந்தார்களே, அதுவே பெரிய திருப்பணி.

இனி, வயது விவகாரத்துக்கு வருவோம். 869இல் டேனியர் கையில் உயிர் துறந்தவர் எட்மண்டு என்னும் அரசர். மக்கள் அவரை அடியாராகக் கொண்டாடினார்கள். 1010இல் மறுபடியும் டேனியர் பயம் ஏற்பட்டபோது அவருடைய உடலை லண்டனுக்கு எடுத்துச் சென்றார்கள். 1013இல் திரும்பக் கொண்டுவரும் வழியில், ஓங்காருக்கு அருகே ஒரு மரக் கோயிலில் அதை இறக்கி வைத்தார்கள் என்பது ஐதிகம். அந்தக் கோயில் இதுவே என்று பல தலைமுறைகள் நம்பி வந்தன. 1960இல் மரங்களின் வளையங்களைச் சோதித்த அறிஞர்கள் 845ஆம் ஆண்டு என்று ஒரு கணக்குச் சொன்னார்கள். ஐதிகத்துக்கு விஞ்ஞானமே சாட்சி சொல்லிவிட்டது! ஊராருக்கு இதைவிட வேறென்ன வேண்டும்?

ஆனால் விஞ்ஞானம் ஒரு பொல்லாத சாட்சி. குறுக்கு விசாரணையில் முன் சொன்னதை மாற்றிச் சொல்லவும் அது வெட்கப்படுவதில்லை. மரம் வருஷத்துக்கு ஒரு வளையம் வளர்கிறது. மழை பெய்த வருஷத்தில் வளையம் அகலமாகவும், வறண்ட வருஷத்தில் குறுகலாகவும் இருக்கும். வருஷம் தெரிந்த வேறு மரங்களின் வளைய வரிசையோடு பொருத்திப் பார்த்தால் ஆண்டைக் கண்டுபிடித்துவிடலாம். 1995இல் அவ்வாறு மறுபடி பார்த்தபோது, எஞ்சியிருந்த கடைசி வளையம் 1053ஆம் ஆண்டுக்குரியது என்று தெரிந்தது. பட்டைக்கு அடியிலிருந்த வெளுத்த பாகம் நீங்கிவிட்டபடியால், அதற்காகப் பத்து முதல் ஐம்பத்தைந்து வருஷம் வரை கூட்ட வேண்டும். ஆகவே மரத்தை வெட்டிய காலம் 1063க்கும் 1108க்கும் இடைப்பட்டது. எட்மண்டு அரசரின் உடல் அவ்வழியே சென்றபோது இந்தச் சுவர்கள் நிற்கவில்லை!

ஒரே நாளில் கோயிலின் வயதில் இருநூறு வருஷத்துக்கு மேல் போய்விட்டது. அதனால் என்ன நேர்ந்தது? ஓர் ஓடுகூடப் பெயரவில்லை. பீடத்தின் கீழே தோண்டியபோது அதற்கும் முற்பட்ட மரக் கட்டடங்களின் அடையாளங்கள் அகப்பட்டிருந்தன. ஆகையால் அந்த மண்ணின் பழமைக்கும் குறைவில்லை. இன்று நிற்கும் மரத் தேவாலயங்களுள் மிகப் பழையது இதுவே என்ற பெயரும் போய்விடவில்லை. இப்போது அங்கே கோயிலின் கதையைச் சொல்கிறவர்கள் புதிய கணக்கையே சொல்கிறார்கள். உண்மையைச் சொன்னதால் எந்தக் கோயிலும் இடிந்து விழுவதில்லை என்பதற்கு இதைவிட நல்ல அத்தாட்சி எனக்குத் தெரியாது.

ஆனால் என் மனத்தைக் கவர்ந்தது இந்தக் கணக்கு அல்ல. அக்கோயிலின் பதிவேட்டில் 1839ஆம் ஆண்டில் பதிவான ஒரு கல்யாணம். மணமகன் ஜேம்ஸ் பிரைன்; மணமகள் எலிஸபெத் ஸ்டாண்ட்பீல்டு. மணமகன் விவசாயக் கூலி. டார்ஸெட் ஜில்லாவில் டால்படில் கிராமத்தில், வாரக் கூலி ஏழு ஷில்லிங்காகக் குறைந்து, ஆறாகவும் குறையும் என்ற நிலை வந்தபோது ஆறு பேர் முன்னின்று சங்கம் அமைத்தார்கள். அவர்களில் ஒருவர் பிரைன். மணமகளின் தந்தை தாமஸ் மற்றொருவர். சங்கம் அமைப்பது குற்றமல்ல. ஆனால் இரகசியப் பிரமாணம் எடுத்துக்கொண்டார்கள் என்று பழைய சட்டம் ஒன்றைத் தேடிப் பிடித்து, 1834இல் ஏழு வருஷம் நாடு கடத்தி ஆஸ்திரேலியாவுக்கு அனுப்பிவிட்டார்கள். தேசமெங்கும் கிளர்ச்சி எழுந்தது. 1836இல் மன்னிப்புக் கிடைத்தது. திரும்பி வந்தவர்களுக்குப் பொதுமக்கள் திரட்டிய பணத்தில் கிரீன்ஸ்டெட் அருகே நிலம் குத்தகைக்குப் பிடித்துக் கொடுத்தார்கள். அங்கும் நிம்மதி இல்லை. உள்ளூர்ப் பாதிரியாரும் பிரபுக்களும் அவர்களைத் தூற்றினார்கள். சில வருஷங்களில் ஐவர் குடும்பத்தோடு கானடாவுக்குக் கப்பலேறினார்கள். ஒருவர் மட்டும் டால்படிலுக்கே திரும்பி, 1891இல் ஏழைகள் விடுதியில் காலமானார்.

நம்மை ஆண்ட தேசத்தார் அனைவரும் பிரபுக்கள் என்று எண்ணி வளர்ந்த தலைமுறை நம்முடையது. ஆறு ஷில்லிங் கூலி வயிற்றுக்குப் போதாது என்று சொன்னதற்காகத் தன் சொந்தக் குடிகளையே கடல் கடத்திய ஸர்க்கார், கடலுக்கு அப்பாலிருந்த நம்மிடம் எப்படி நடந்துகொண்டது என்பதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை. அந்த மரச் சுவர்களுக்குள்ளே அரசரின் உடல் ஓர் இரவு தங்கியதோ இல்லையோ, சிறை மீண்ட ஓர் உழவன் தலை நிமிர்ந்து நின்று மாலையிட்டது மட்டும் நிச்சயம். கோயிலின் பெருமைக்கு எனக்கு அது ஒன்றே போதும்.