இரண்டு நாற்காலிக்கு ஒருவன்

ஈப்போவிலிருந்து கோலகங்சார் போகும் பழைய சாலையில் நீங்கள் என்றாவது பேருந்தில் போயிருக்கிறீர்களா? போகாதவர்கள் ஒருமுறை போய்ப் பாருங்கள். நெடுஞ்சாலையில் காரில் பறந்தால் ஒன்றும் கண்ணில் படாது. பழைய சாலையில்தான் செம்மோர் வரும், கந்தானின் சுண்ணாம்புக் குன்றுகள் வரும். ஏறக்குறைய 30 கிலோமீட்டர் போனதும் சுங்கை சிப்புட் வரும். மலாய் மொழியில் 'சிப்புட்' என்றால் நத்தை. நத்தை ஆறு! பெயருக்கு ஏற்றபடி நிதானமான ஊர்தான்.

துன் சம்பந்தன் பிறந்த ஊர் இது. 1948 ஜூன் 16ஆம் நாள் இவ்வட்டாரத் தோட்டங்களில் மூன்று வெள்ளைக்காரத் துரைமார் சுட்டுக் கொல்லப்பட்டதும், அதையொட்டி அவசரகாலம் பிறந்து 1960 வரை நீடித்ததும் பள்ளிப் புத்தகத்தில் படித்திருப்பீர்கள். நான் சொல்ல வந்தது புத்தகத்தில் வராத ஓர் இடத்தைப் பற்றி. இந்த ஊரில் ஒரு கடையின் மேல்மாடி அறை அது. இன்று நீங்கள் தேடிப் போனால் அங்கே கைத்தொலைபேசி பழுதுபார்க்கும் கடைதான் இருக்கும். நான் பார்த்த நாளில் அது கணினிக் கடை. பையன்கள் மொழியில் 'சைபர் கஃபே'.

என் தங்கை அந்த ஊரில்தான் குடியிருக்கிறாள். அவர்கள் இருந்த தோட்டம் துண்டாடப்பட்டு, லயத்தை விட்டு மலிவுவிலை வீட்டுக்கு வந்து சேர்ந்த குடும்பம். 2005 டிசம்பரில் நான் போயிருந்தேன். தங்கை மகன் ஐந்தாம் படிவம் எழுதிவிட்டு முடிவுக்காகக் காத்திருந்தான். இரவு எட்டு மணியாகியும் ஆளைக் காணோம்.

"அண்ணே, அந்தப் பயலக் கூட்டிட்டு வாங்க. டவுன்ல மாடிக் கடையில கெடப்பான்" என்றாள் தங்கை.

தையற்கடைக்கும் சீன மருந்துக் கடைக்கும் நடுவே ஓர் ஒடுக்கமான படி. வாசலில் குவியலாகச் செருப்புகள். கதவைத் தள்ளினால் குளிரூட்டியின் சில்லிப்பும் மீ சூப் வாசனையும் சேர்ந்து முகத்தில் அடித்தன. இருபது கணினிகள் இருக்கும். ஒவ்வொன்றின் முன்னும் ஒரு பையன். அப்பப்பா, என்ன கூச்சல்! "தூக்குடா, தூக்குடா!" என்கிறான் ஒருவன். "செத்தேன்!" என்கிறான் மற்றொருவன். தமிழ், சீனம், மலாய் எல்லாம் ஒரே குழம்பு. கல்லாவில் உட்கார்ந்திருந்த தவுக்கே மட்டும் அமைதியாகச் செய்தித்தாள் வாசித்துக்கொண்டிருந்தார்.

மருமகன் என்னைப் பார்த்ததும் எழுந்து நின்றான். பக்கத்து நாற்காலியில் அவன் கூட்டாளி, ஒரே தோட்டத்தில் ஒரே லயத்தில் பிறந்து வளர்ந்தவன். "மாமா, பத்து நிமிசம். இப்ப விட்டுட்டு வந்தா ரெண்டு பேரும் செத்துருவோம்" என்றான். சாவு என்றதும் நானும் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிட்டேன்.

அவர்கள் ஆடியது 'ரக்னரோக் ஆன்லைன்' என்ற விளையாட்டு. கிராவிட்டி என்ற கொரிய நிறுவனம் 2002இல் முறையாக வெளியிட்டது. பல நாட்டுப் பிள்ளைகள் இணையத்தின் வழியே ஒரே உலகத்துக்குள் நடமாடுவார்கள். மருமகனுக்கு அதில் வாளேந்திய வீரன் வேடம். கூட்டாளிக்கோ பூசாரி வேடம். வீரன் முன்னே போய்ப் பேய் பிசாசுகளை வெட்டுவான். பூசாரி பின்னால் நின்று அவன் காயத்தை ஆற்றுவான், வேகம் கூட்டுவான், ஆசி கொடுப்பான். பூசாரி இல்லாவிட்டால் வீரன் அரை நாழிகை தாங்கமாட்டான். வீரன் இல்லாவிட்டால் பூசாரிக்கு அனுபவப் புள்ளி ஏறுவது நத்தை ஊர்ந்த கதைதான். ஒருவருக்கு ஒருவர் தேவைப்பட வேண்டும் என்றே செய்த விளையாட்டு அது. செத்துப் போனால் அந்த நிலைக்குத் தேவையான புள்ளியில் நூற்றில் ஒரு பங்கு பறிபோகும். மேல் நிலைகளில் அந்த ஒரு பங்கு என்பது சில மணி நேர உழைப்பு. தோட்டத்தில் மழை வந்து கோப்பையில் இருந்த பாலெல்லாம் வீணாய்ப் போகுமே, அந்த வயிற்றெரிச்சல்!

"மாமா, டவுன சுத்திப் பாக்குறீங்களா?" என்று கேட்டு என்னைப் புரொன்டேரா என்ற நகரத்துக்கு அழைத்துப் போனான். பயணம் போகாமலே ஒரு பயணம். மதில் சூழ்ந்த தலைநகரம், நடுவில் நீரூற்று. தெற்கு வீதியில் இரண்டு பக்கமும் வணிகர்கள் சப்பணமிட்டு உட்கார்ந்திருந்தார்கள். ஒவ்வொருவர் தலைக்கு மேலும் ஒரு பலகை, இன்ன சரக்கு மலிவு என்று. நம்மூர்ப் பாசார் மாலாம் போலவே இருந்தது. கூவுகிற சத்தம் மட்டும் இல்லை.

"ஏன்டா, ஒருத்தரும் பேச மாட்டேங்கிறாங்க?" என்று கேட்டேன்.

"ஆளு இருந்தாத்தானே மாமா பேசுறதுக்கு? பாதிப் பேரு வீட்ல தூங்குறாங்க. கம்பியூட்டர அடைச்சா கடையும் அடைஞ்சிரும். அதான் ராத்திரி முழுக்கத் தொறந்து போட்டுட்டுப் போயிட்டாங்க."

இங்கேதான் எனக்கு விஷயம் புரிய ஆரம்பித்தது. கடை வைத்தவன் சண்டைக்குப் போக முடியாது. சண்டைக்குப் போனவன் கடை வைக்க முடியாது. ஆகவே பலர் இரண்டு கணக்குகளைத் திறந்து, ஒரே விளையாட்டை இரண்டு பிரதிகளாக ஓடவிட்டிருந்தார்கள். ஒன்று வீதியில் உட்கார்ந்து விற்கும். மற்றது காட்டில் வெட்டும்.

2006 தொடக்கத்தில் கூட்டாளி சிங்கப்பூருக்கு வேலைக்குப் போய்விட்டான். தோட்டமும் இல்லை, டவுனிலும் வேலை இல்லை; பிள்ளைகள் ஜோகூரும் சிங்கப்பூரும் போவது உங்களுக்குத் தெரியாததா? போகும்போது தன் பூசாரியின் கடவுச்சொல்லை மருமகன் கையில் எழுதிக் கொடுத்துவிட்டுப் போனானாம். "சும்மா கெடக்க வேணாம், நீயே பாத்துக்க" என்றானாம். ஒருவர் கணக்கை மற்றவர் ஓட்டுவதை விளையாட்டு நிறுவனங்கள் பொதுவாக ஒப்புக்கொள்வதில்லை. ஆனால் லயத்தில் வளர்ந்த பிள்ளைகளுக்கு உன்னுடையது என்னுடையது என்று ஏது?

2007இல் நான் மறுபடி அந்தப் படியேறினேன். மருமகன் அதற்குள் ஒரு டயர்க் கடையில் வேலைக்குச் சேர்ந்திருந்தான். வேலை முடிந்ததும் நேரே இங்கே. அவன் உட்கார்ந்திருந்த கோலத்தைக் கேளுங்கள். இரண்டு நாற்காலிக்கு நடுவே சக்கர நாற்காலியைப் போட்டுக்கொண்டு, இடக்கையில் ஒரு கணினி, வலக்கையில் ஒரு கணினி. இடப்பக்கம் வீரன், வலப்பக்கம் பூசாரி. மணிக்கு 2 வெள்ளி வீதம் இரண்டு இடத்துக்கும் காசு. மாதச் சந்தா அட்டையும் இரண்டு.

தவுக்கே என்னைப் பார்த்துச் சிரித்தார். "டுவா கெருசி, சத்து ஓராங்" என்று இரண்டு விரலைக் காட்டி, பின் ஒரு விரலைக் காட்டினார். இரண்டு நாற்காலி, ஒரு ஆள்.

"இதெல்லாம் ஒரே கம்பியூட்டர்ல முடியாதா?" என்று கேட்டேன். முடியும் என்றான். ஆனால் அதிலே சங்கடங்கள் உண்டு. வின்டோஸ் இயங்குதளத்தில் எத்தனை சன்னல்களைத் திறந்தாலும், நாம் அழுத்தும் விசை முன்னால் நிற்கிற சன்னலுக்கு மட்டுமே போகும். பூசாரியிடம் ஒரு வேலை சொல்ல, வீரனை அப்படியே விட்டுவிட்டுச் சன்னல் மாற வேண்டும். அந்த இடைவெளியில் பேய் காத்துக்கொண்டு நிற்குமா? இன்னொன்று, ஒவ்வொரு பிரதியும் படங்களையும் ஒலிகளையும் தனித்தனியே நினைவகத்தில் ஏற்றிக்கொள்ளும். அந்தக் கடையில் இருந்ததோ 256 மெகாபைட் நினைவகக் கணினிகள். இரண்டாவது பிரதியைத் திறந்தால் முதலாவது திணறும். படத்தின் அளவைச் சுருக்கி, ஒலியை அடைத்து, ஏதோ ஒப்பேற்றுவார்களாம்.

சில விளையாட்டுகள் இரண்டாவது பிரதியைத் திறக்கவே விடுவதில்லை. அதன் சூட்சுமம் வேடிக்கையானது. முதல் பிரதி கிளம்பும்போதே இயங்குதளத்தில் ஒரு பெயரைப் பதிந்து வைத்துவிடும். இரண்டாவது பிரதி வந்து பார்த்து, "அடடே, நான் ஏற்கெனவே வந்துவிட்டேனே!" என்று தானே திரும்பிப் போய்விடும். விடுவார்களா நம் பிள்ளைகள்? கணினிக்குள் ஒரு பாவனைக் கணினியை உண்டாக்கி, அதற்குள் இரண்டாவது பிரதியை ஓட்டுவார்கள்.

வெளிநாடுகளில் இது இன்னும் பெரிய சங்கதி. 1999இல் வந்த 'எவர்குவெஸ்ட்' காலத்திலேயே இரண்டு மூன்று கணினிகளை வரிசையாக வைத்து ஒருவரே ஆடியிருக்கிறார்கள். கணினியைப் பெட்டி என்று சொல்வது அவர்கள் வழக்கம். அதனால் இதற்குப் 'மல்டிபாக்சிங்' என்றே பெயர் விழுந்துவிட்டது. 2004இல் வந்த 'வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட்' விளையாட்டில் ஐந்து பேர் சேர்ந்தால் ஒரு குழு. ஒரே ஆள் ஐந்து பேராக வந்து, ஒரு விசையை அழுத்தினால் ஐந்து பேரும் ஒரே நொடியில் இடி இறக்குகிற மாதிரி மென்பொருள் வைத்துக்கொண்டார்கள். எதிரே நிற்கிற சாமானியன் கதி என்ன? 'ஈவ் ஆன்லைன்' நிறுவனம் 2015 ஜனவரி 1 முதல் அந்த ஒற்றை விசை வித்தையைத் தடை செய்தது. வார்கிராஃப்ட் நிறுவனமான பிளிஸர்ட் 2020 நவம்பரில் தடை செய்தது. பல கணக்கு வைத்திருப்பதை இரு நிறுவனங்களும் தடுக்கவில்லை என்பதைக் கவனியுங்கள். ஓர் அழுத்தலுக்கு ஒரு செயல்தான், அவ்வளவே. 2015 டிசம்பரில் எவர்குவெஸ்டில் ஒரு புது உலகம் திறந்தார்கள். அங்கே ஒரு கணினிக்கு ஒரு பிரதிதான். இரண்டு வேண்டுமா? இன்னொரு கணினி வாங்கிக்கொள்!

எனக்கு இதில் நியாயம் இருப்பதாகவே படுகிறது. அந்தக் காலத்தில் விடியற்காலைப் பெரட்டில் நின்றவர்கள் உங்களில் பலர் இருப்பீர்கள். கங்காணி ஒரு குரல் கொடுத்தால் வரிசையே நகரும். நகர்ந்தாலும் வரிசையில் நின்றவர்கள் மனிதர்கள். ஒருவர் முனகுவார், ஒருவர் தாமதமாக வருவார், ஒருவர் பக்கத்து ஆளிடம் வெற்றிலை கேட்பார். திரையிலோ கங்காணியும் அவனே, ஆள்களும் அவனே.

அன்று மருமகன் ஆடியதை ஒரு மணி நேரம் பார்த்தேன். திறமைக்குக் குறைச்சல் இல்லை. இரு கைகளும் தனித்தனியே வேலை செய்தன, தவில்காரர் கைகளைப் போல. இடக்கை வெட்டுகிறது, கண் வலப்பக்கம் ஓடுகிறது, வலக்கை காயம் ஆற்றுகிறது. ஒருமுறைகூடச் சாகவில்லை. ஆனால், வாசகர்களே, அந்த ஒரு மணி நேரமும் அவன் வாயிலிருந்து ஒரு சொல் வரவில்லை. "தூக்குடா" இல்லை. "செத்தேன்" இல்லை. சுற்றிலும் பையன்கள் கத்திக்கொண்டிருக்க, இவன் இரண்டு நாற்காலிக்கு நடுவே ஊமை போல் உட்கார்ந்திருந்தான்.

படியிறங்கும்போது கேட்டேன், "வேற யாரையாச்சும் பூசாரியா வச்சுக்கலாமே?"

"வந்தாங்க மாமா. லேட்டா ஹீல் பண்ணுவாங்க. எனக்குக் கோவம் வரும். இது சரியா வருது" என்றான். கொஞ்ச தூரம் நடந்த பிறகு, "அவன் ஆளு கீழ போயிறக் கூடாதில்ல" என்றான்.

வீட்டில் தங்கை சம்பளக் கணக்கைச் சொல்லி அழுதாள். நியாயந்தானே? இரண்டு இடத்துக் காசு, இரண்டு அட்டைக் காசு, இரவு இரண்டு மணித் தூக்கம். நான் மருமகனிடம் பேசுவதாகச் சொன்னேன். பேசவில்லை. என்ன பேசுவது என்று தெரியாமல் ஈப்போவுக்குப் பேருந்து ஏறிவிட்டேன்.

2008 தீபாவளிக்குப் போனபோது கூட்டாளி சிங்கப்பூரிலிருந்து வந்திருந்தான். கொஞ்சம் சதை போட்டிருந்தான். கறியும் தோசையும் முடிந்து, முறுக்குப் பொட்டலத்தோடு மூவருமாக மாடிக் கடைக்குப் போனோம். தவுக்கே முறுக்கை வாங்கிக்கொண்டு, "ஹா, டுவா கெருசி, டுவா ஓராங்!" என்று பலமாகச் சிரித்தார்.

கூட்டாளி தன் கணக்கைத் திறந்தான். திரையில் பூசாரி நின்றான். அவன் விட்டுப்போன நிலைக்கும் இப்போதைய நிலைக்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள தூரம். உடுப்பு புதுசு, தொப்பி புதுசு. கூட்டாளி கொஞ்ச நேரம் பேசாமல் பார்த்துக்கொண்டிருந்தான்.

"யாருடா இவன்? என்னய விடப் பெரிய ஆளா இருக்கான்" என்றான்.

இருவரும் ஆடத் தொடங்கினார்கள். கூட்டாளிக்கு விசைகள் மறந்துவிட்டன. இரண்டாவது நிமிடமே வீரன் விழுந்தான். நூற்றில் ஒரு பங்கு போயிற்று. மருமகன் முகம் சுருங்கியதைப் பார்த்தேன். மறுபடி எழுந்து போனார்கள். பேய்க்கூட்டம் சூழ்ந்தது. பூசாரி விழித்துக்கொண்டு நின்றான். மருமகனின் வலக்கை, பழக்க தோஷத்தால், தானாக நீண்டு கூட்டாளியின் விசைப்பலகைக்குப் போய்விட்டது.

கூட்டாளி அந்தக் கையில் பட்டென்று ஒன்று வைத்தான். "கைய எடுடா! என் ஆளு!"

"அப்ப தூக்குடா, தூக்குடா!" என்று கத்தினான் மருமகன்.

வீரன் மறுபடியும் விழுந்தான். அன்று இரவு எத்தனை முறை செத்தார்கள் என்று நான் எண்ணவில்லை. கல்லாவுக்குப் போய்த் தொலைபேசியை இரவல் வாங்கி, தங்கையிடம் இன்னும் ஒரு மணி நேரமாகும் என்று சொன்னேன். பின்னால் அவர்கள் போட்ட கூச்சலில் அவளுக்குச் சரியாகக் காது கேட்கவில்லை.