50,000 அடியில் எஞ்சியவை

1937 அக்டோபர் 2. நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குச் சென்றுகொண்டிருந்த கப்பலில், காந்தியைப் பற்றி ஒரு முழுநீள ஆவணப்படம் உருவாக்கும் எண்ணம் ஏ. கே. செட்டியாருக்குத் தோன்றியது. தோக்கியோவிலும் நியூயார்க்கிலும் ஒளிப்படக்கலை பயின்றிருந்த கோட்டையூர்க்காரர் அவர்; முப்பது வயதைக்கூட எட்டவில்லை.

புதிதாகப் படம்பிடிப்பதைவிட, முன்பே பிடிக்கப்பட்டவற்றைத் திரட்டுவதே அவர் மேற்கொண்ட பெரும்பணி. ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணம். முப்பது ஆண்டுக்காலத்தில் ஏறக்குறைய நூறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்திருந்த சுருள்களிலிருந்து 50,000 அடியைச் சேர்த்தார். அதிலிருந்து 12,000 அடியாகத் தொகுத்த தமிழ்ப் படம் 1940 ஆகஸ்டில் சென்னையில் வெளியாயிற்று. இந்திய வரலாற்றியலில் இச்செயலுக்கு உரிய இடம் இன்னும் கிட்டவில்லை. ஆவணக் காப்பகம் என்ற நிறுவனம் திரைப்படத்துக்கு இந்நாட்டில் அமைந்ததே 1964இல்தான். அதற்குக் கால் நூற்றாண்டு முன்பே தனிமனிதர் ஒருவர் கண்டம் விட்டுக் கண்டம் சென்று காப்பகப் பணியைச் செய்து முடித்திருந்தார்.

ஆயினும் அந்த 1940ஆம் ஆண்டுத் தமிழ்ப் படத்தை ஆய்வாளர்கள் தேடியபோது அது கைக்கெட்டவில்லை. ஆ. இரா. வேங்கடாசலபதி சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் கண்டறிந்தது 1953இல் அமெரிக்காவில் வெளியான ஆங்கில வடிவம். அதில் பேசும் குரல் குவென்டின் ரெனால்ட்ஸ் என்ற அமெரிக்க இதழாளருடையது. போர்க்காலச் சென்னையில் தமிழ் விளக்கவுரையோடு ஓடிய படத்துக்கும் பனிப்போர்க்கால அமெரிக்கருக்கு ஆங்கிலத்தில் விளக்கப்பட்ட படத்துக்கும் காட்சிகள் பொதுவாக இருக்கலாம். சான்று என்ற வகையில் இரண்டும் ஒன்றல்ல. ஒரு கடிதத்தை மேற்கோள் காட்டும் ஆய்வாளர் எழுதியவர் யார், பெற்றவர் யார் என்று கேட்காமல் நகர்வதில்லை. அசையும் படம் என்றதும் அந்த எச்சரிக்கை எங்கோ போய்விடுகிறது.

ஒரு சிறு எடுத்துக்காட்டு. விவேக் நகரின் மாடியறை ஒன்றில் தண்டி நடைப்பயணத்தைக் கைப்பேசியில் பார்க்கும் மாணவருக்குக் காந்தி ஏறத்தாழ ஓடுவதுபோல் தெரியும். அவர் விரைந்து நடப்பவர் என்பது உண்மையே. ஆனால் ஒலியில்லாக் காலத்துச் சுருள்கள் பெரும்பாலும் நொடிக்கு 16 முதல் 20 சட்டகம் வரை எடுக்கப்பட்டவை. அவற்றை 24 சட்டக வேகத்தில் ஓட்டினால் எவர் நடையும் விரைந்துவிடும். வேகத்தைத் திருத்தாத படியை வைத்துக்கொண்டு காந்தியின் உடல்மொழியைப் பற்றி எழுதுவது, எழுத்துப்பிழை மலிந்த பதிப்பைக் கொண்டு யாப்பை ஆராய்வதற்கு ஒப்பாகும்.

தொகுப்பில் இடம்பெறாத ஏறக்குறைய 38,000 அடியே வரலாற்றாளருக்குப் பெரிய இழப்பு. செட்டியார் எதை விலக்கினார் என்பது அதில் இருந்தது. அக்காலச் சுருள்கள் பெரும்பாலும் நைட்ரேட். தீப்பற்றினால் நீர் ஊற்றியும் அணையாதவை. புனேயில் 2003இல் நைட்ரேட் சுருள்கள் எரிந்ததைத் திரைப்பட ஆய்வாளர்கள் மறந்திருக்க மாட்டார்கள்.

தாளோ தாக்குப்பிடித்தது. சுருள்களைத் தேடிய கதையைச் செட்டியார் தம் 'குமரி மலர்' இதழில் எழுதிவந்தார். பின்னாளில் அது 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற நூலாயிற்று. பலரும் பயண இலக்கியமாகப் படிக்கும் அந்நூல், உண்மையில் தொலைந்த காப்பகம் ஒன்றின் அட்டவணை. அதில் வரும் ஊர்களையும் மனிதர்களையும் செய்திப்பட நிறுவனங்களின் இன்றைய எண்ணிமப் பட்டியல்களோடு வரிவரியாக ஒப்பிடும் வேலை ஒரு முனைவர் பட்டத்துக்குத் தாராளமாகப் போதும்.