மன்னார்க் கரையில் ஒரு கோப்பைக் கூழ்

காய்கறி சூப் என்றதும் உங்கள் நினைவுக்கு வருவது எது? சோள மாவைக் கரைத்து ஊற்றி, நாலு துண்டு காரட்டும் பீன்ஸும் மிதக்க, மேலே மிளகுத்தூள் தூவி, விருந்துகளில் முதலில் வைக்கிறார்களே அதுதானே? குடிக்க இதமாகத்தான் இருக்கும். ஆனால் அரை மணி நேரத்தில் பசி திரும்பி வந்துவிடும். ஒரு வேளைச் சாப்பாடாகவே நிற்கக்கூடிய கெட்டியான காய்கறி சூப் ஒன்று நம் தமிழ் பேசும் மக்களிடமே இருக்கிறது. மன்னார்த் தீவைப் பார்க்கப் போன இடத்தில் அதைக் குடித்தேன், செய்யவும் கற்றுக்கொண்டேன்.

முதலில் போன கதையைச் சொல்லிவிடுகிறேன். எங்கள் இராமநாதபுரம் மாவட்டக் கரையில் நின்றால் மன்னார் பக்கத்து ஊர் மாதிரி. தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே ஏறத்தாழ 30 கிலோமீட்டர் கடல்தான். 1914இல் பாம்பன் பாலம் திறந்த பிறகு, சென்னையில் ஒரே டிக்கெட் எடுத்து ரயில், கப்பல், மறுபடி ரயில் என்று கொழும்பு வரை போனார்கள். 'போட் மெயில்' என்று எங்கள் பாட்டனார் காலத்தவர்கள் வாய் நிறையச் சொல்வார்கள். 1964 டிசம்பர்ப் புயல் தனுஷ்கோடியைக் கொண்டுபோயிற்று. அதன் பின் இராமேஸ்வரத்திலிருந்து ஓடிய கப்பலும் 1980களில் நின்றுபோனது. ஆகவே கண்ணுக்கெட்டும் தூரத்து ஊருக்கு, விமானத்தில் கொழும்பு போய், அங்கிருந்து ரயிலில் வடக்கே ஏறி, ஒரு பெரிய சுற்றுச் சுற்றித்தான் போக வேண்டியிருந்தது!

அந்தத் தலைமன்னார் ரயிலும் 1990இல் நின்று, 2015 மார்ச்சில்தான் திரும்ப ஓடத் தொடங்கியது. மதவாச்சியில் கிளை பிரிந்து, மடு வீதியைத் தாண்டி, பிறகு கடலுக்கு நடுவே போட்ட தாம்போதி வழியாகத் தீவுக்குள் நுழைகிறது. இருபுறமும் முழங்கால் ஆழத் தண்ணீர். அதில் கூட்டம் கூட்டமாகப் பறவைகள். நான் போனது பிப்ரவரி மாதம். மழை ஓய்ந்து, காற்று மெலிந்து, வெயில் இன்னும் கடுமை காட்டாத நேரம். போவதாக இருந்தால் நீங்களும் அப்போதே போங்கள்.

ஊருக்குள் கழுதைகள் நம்மைவிட உரிமையோடு நடுத்தெருவில் நிற்கின்றன. போர்த்துக்கீசியர் 1560இல் கட்டி, 1658இல் ஒல்லாந்தர் கைக்குப் போன கோட்டை பாலத்தருகே இருக்கிறது. பார்த்துவிட்டு வந்துவிடலாம். ஆனால் பள்ளிமுனையில் உள்ள பெருக்கமரத்தைப் பார்க்காமல் வந்துவிடாதீர்கள். அடிமரத்தின் சுற்றளவு மட்டும் 19 மீட்டருக்கு மேல். மரம் என்பதைவிட, ஒரு வீட்டின் சுவர் என்று சொல்லலாம். ஆப்பிரிக்காவிலிருந்து அரபு வணிகர்கள் கொண்டுவந்து நட்டது என்பது ஊரார் நம்பிக்கை. நைஜீரியாவின் ஹவுசா மக்கள் இதே மரத்தின் இலையைக் காயவைத்துப் பொடியாக்கி, 'மியான் குகா' என்ற கெட்டியான சூப் செய்கிறார்கள். வந்த மரம் மன்னாரில் தங்கிவிட்டது. சூப் மட்டும் கூட வரவில்லை. மன்னார் மக்களுக்கு அது தேவையாகவும் இருக்கவில்லை. அவர்களிடம் பனை இருந்தது.

எருக்கலம்பிட்டிப் பக்கம் ஒரு வீட்டில் இரண்டு நாள் தங்கினேன். எங்கள் ஊர்க் குடும்பம் ஒன்றின் வழியாகக் கிடைத்த அறிமுகம். வீட்டுக்காரப் பெரியவரை மாமி என்றே அழைத்தேன். அவர் என்னை "மகள்" என்றார். முற்றத்தில் பாயை விரித்து, நீள வாக்கில் பிளந்த பனங்கிழங்கைக் காயப் போட்டிருந்தார். பச்சையாகக் காய்ந்தால் அது ஒடியல். அவித்துக் காயவைத்தால் புழுக்கொடியல். அது கடித்துத் தின்ன. ஒடியலை இடித்து மாவாக்கினால் கூழ். யாழ்ப்பாணத்திலிருந்து மன்னார் வரை வடக்கு முழுவதற்கும் உரிய உணவு இது. மீன், நண்டு, இறால் போட்டுக் காய்ச்சுவதுதான் பெயர் பெற்றது. மீன் கிடைக்காத நாளில் மரக்கறிக் கூழ். காய்கறியைத்தான் அங்கே மரக்கறி என்கிறார்கள்.

கொல்லைப் பக்கம் போனேன். ஒரு மூலையில் மட்டும் பனைகள் விசித்திரமாக நெருக்கியடித்து நின்றன. யாரும் இப்படி நட மாட்டார்களே என்று கேட்டேன்.

"நடேல்ல மகள், அது பாத்தி" என்றார் மாமி.

பனம்பழக் காலம் முடிந்ததும் கொட்டைகளை மண்ணில் அடுக்கிப் பாத்தி போடுவார்கள். தை மாதம் வாக்கில் கிழங்கு தோண்டுவார்கள். 1990இலும் மாமி பாத்தி போட்டிருந்தார். அந்த அக்டோபர் கடைசியில் வடக்கிலிருந்த முஸ்லிம்கள் அனைவரும் வெளியேற வேண்டும் என்று விடுதலைப் புலிகள் உத்தரவிட்டார்கள். 70,000க்கும் மேற்பட்டவர்கள், பிறந்த மண்ணை விட்டுச் சில நாட்களுக்குள் கிளம்பினார்கள். இவர்கள் பிள்ளைகளோடும் சில துணிப் பைகளோடும் படகேறிக் கல்பிட்டிக் கரையில் இறங்கினார்கள். பிறகு புத்தளத்தில் ஓலைக் கொட்டில் முகாம், வருடக் கணக்கில். போர் 2009இல் முடிந்த பின்தான் திரும்பி வரும் வழி பிறந்தது.

தோண்டாத கிழங்கு என்ன ஆகும்? வடலியாகும். இருபது வருடம் கழித்து மாமி வந்து பார்த்தபோது, வீட்டுக்குக் கூரை இல்லை, கதவு இல்லை. பாத்தி இருந்த இடத்தில் ஒரு பனங்கூடல் நின்றது. "வெட்டித் தள்ளு எண்டு எல்லாரும் சொன்னாங்க. நான் விடேல்ல" என்றார். அதில் சில இப்போது காய்க்கின்றன. பாயில் காய்ந்த ஒடியலில் அந்தப் பழத்தின் கொட்டைக் கிழங்கும் இருந்தது.

அன்று மதியம் கூழ் காய்ச்சினார்கள். மருமகள் புத்தளத்தில் பிறந்து வளர்ந்த பெண். நோன்புக் கஞ்சியை நூறு பேருக்கு அலட்டாமல் காய்ச்சுவாளாம். ஒடியல் கூழ் மட்டும் இன்னும் கைவரவில்லை. அவளுக்குச் சொல்லிக் கொடுக்கும்போது நானும் பக்கத்தில் உட்கார்ந்து எழுதிக்கொண்டேன்.

ஐந்து பேருக்கு ஒரு டம்ளர் ஒடியல் மா. அதைச் சலித்து, நிறையத் தண்ணீரில் கரைத்து ஒரு மணி நேரம் அசையாமல் வையுங்கள். மா அடியில் படியும். மேலே தெளிந்த தண்ணீரை மெல்லச் சாய்த்துக் கொட்டுங்கள். மறுபடி தண்ணீர் ஊற்றி, மறுபடி ஒரு மணி நேரம். இந்தக் காரியத்தில் அவசரம் கூடாது. ஒடியலின் கசப்பு அந்தத் தண்ணீரோடுதான் போக வேண்டும். மருமகள் முதல் தண்ணீரைக் கொட்டியதும் மாவை அடுப்புக்குக் கொண்டுபோகப் பார்த்தாள். மாமி விரலால் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்து, "இன்னுமொருக்கா" என்றார்.

மா ஊறும் நேரத்தில் எட்டு டம்ளர் தண்ணீரைக் கொதிக்க வைத்து, ஒரு கைப்பிடி அரிசி போடுங்கள். அரிசி பாதி வெந்ததும், தோல் சீவிச் சிறு துண்டுகளாக்கிய மரவள்ளிக்கிழங்கு இரண்டு கைப்பிடி. மரவள்ளி போட்டால் பானையை மூடாமல் வேகவிட வேண்டும். இஞ்சியை அதோடு சேர்க்கவே கூடாது என்பது இலங்கை முழுவதும் உள்ள கட்டுப்பாடு. அடுத்து விரல் நீளத்துக்கு நறுக்கிய பயற்றங்காய் (நாம் காராமணிக்காய் என்கிறோம்), ஒரு கத்தரிக்காய், ஒரு கீற்றுப் பூசணி. பலாக்கொட்டை கிடைக்கும் காலமானால் பத்துக் கொட்டை. அதன் மாவுத்தன்மை கூழுக்கு மிகவும் பொருந்தும். கிழங்கு நன்றாக வெந்து குழையத் தொடங்கும்போது இரண்டு கைப்பிடி முருங்கைக் கீரை.

எட்டுக் காய்ந்த மிளகாய், ஒரு தேக்கரண்டி மிளகு, ஒரு தேக்கரண்டி சீரகம், ஆறு பல் பூண்டு, சிறு துண்டு மஞ்சள். இவற்றை அம்மியில் அல்லது மிக்ஸியில் விழுதாக அரைத்துச் சேருங்கள். எலுமிச்சை அளவு புளியைக் கரைத்து ஊற்றி, உப்புப் போடுங்கள். எல்லாம் கூடிக் கொதித்த பிறகு, படிந்திருக்கும் மாவை அரை டம்ளர் புதுத் தண்ணீரில் கரைத்து, ஒரு கையால் ஊற்றிக்கொண்டே மறு கையால் துழாவுங்கள். கையை எடுத்தால் கட்டி கட்டிவிடும். தீயைக் குறைத்துப் பத்துப் பதினைந்து நிமிடம். கூழ் பளபளப்பாகி, குமிழிகள் சோம்பலாக வெடிக்கும்போது இறக்கலாம்.

பனையோலையைக் கோலிய பிளாவில் குடிப்பதுதான் பழைய வழக்கம். எனக்குக் கோப்பையில் தந்தார்கள். உறைப்பும் புளிப்பும் முன்னே நிற்க, பின்னால் மண்ணின் வாசம்போல ஒடியலின் மணம். ஒரு கோப்பை குடித்தேன்; இரவு வரை பசிக்கவில்லை. மருமகள் மாமியின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். மாமி எதுவும் சொல்லாமல் இரண்டாவது தடவைக்குக் கோப்பையை நீட்டினார்.

ஒடியல் மாவுக்கு எங்கே போவது என்று கேட்பீர்கள். தூத்துக்குடி, இராமநாதபுரம் பக்கம் பொங்கல் சமயத்தில் கட்டுக் கட்டாகப் பனங்கிழங்கு விற்கிறதே! அவிக்காத கிழங்காகக் கேட்டு வாங்கி, தோலுரித்து இரண்டாகப் பிளந்து, ஒடித்தால் சடக்கென்று முறியும் வரை வெயிலில் காயவைத்து, மில்லில் கொடுத்து அரையுங்கள். நான் மாமி தந்த மாவோடு வீட்டுக்கு வந்து, முதல் தடவை ஒரே தண்ணீரில் விட்டுவிட்டேன். பிள்ளைகள் ஒரு வாய்க்கு மேல் தொடவில்லை. அடுத்த வாரம் மூன்று தண்ணீர் மாற்றினேன், பானை காலியாயிற்று. மீந்தால் ஆறியபின் களிபோல இறுகிவிடும். கொதிநீர் ஊற்றித் துழாவிச் சூடாக்குங்கள், சரியாகிவிடும்.