மண் கட்டிய துவரை

துவரையைக் கட்டுப்பாடில்லாமல் இறக்குமதி செய்யலாம் என்ற சலுகையை 2021 முதல் நீட்டித்துக்கொண்டே வந்தார்கள். அதைப் பற்றி தருமபுரி நண்பரிடம் புலம்பியபோது, "மொசாம்பிக் துவரைய விடுப்பா. எங்க ஊர்ல இன்னும் மண் கட்டி உடைக்கிற அம்மா ஒருத்தங்க இருக்காங்க, வந்து பாரு" என்றார்.

நான் போனது மாசியில். பென்னாகரம் பக்கத்து மானாவாரிக் கொல்லைகள் காய்ந்து கிடந்தன. வரப்போரம் வெட்டாமல் விட்ட சில துவரைச் செடிகள் மட்டும் ஆள் உயரத்துக்குப் பச்சையாக நின்றன. கார்த்திகைக்குப் பிறகு ஒரு தூறல்கூட இல்லையாம்.

ஆடியில் நிலக்கடலையோடு சேர்த்து விதைக்கிறார்கள். ஆறு வரிசை கடலைக்கு ஒரு வரிசை துவரை. முதல் இரண்டு மாதம் துவரை நோஞ்சானாகத்தான் இருக்கும். அப்போது வேர் கீழே போய்க்கொண்டிருக்கிறது. மண் இடம் கொடுத்தால் ஆறடி வரைகூட இறங்கும். கடலையைப் பிடுங்கிய பிறகே செடி தலை நிமிர்கிறது. கோ 6, வம்பன் 2 மாதிரி ரகங்கள் 170 நாளுக்குக் குறையாமல் நிற்பவை. மழை ஓய்ந்தபின் பூத்து, அடிமண் ஈரத்தை உறிஞ்சிக் காய் பிடிக்கும். பூத்ததில் பெரும்பகுதியை உதிர்த்துவிடும்; தாங்குகிற அளவுக்குத்தான் காய். வெயிலுக்குப் பயப்படாத இந்தச் செடிக்குக் காய்ப்புழுதான் எமன். செடியை வளைத்துச் சாக்கின்மேல் உலுக்கிப் புழுவைப் பொறுக்குவது பழைய வைத்தியம். நண்பர் ரைசோபியம், டிஏபி கரைசல் என்று விளக்கிக்கொண்டே வந்தார். என் கண் களத்தில் ஈரச் சிவப்பாகக் கிடந்த குவியலுக்குப் போய்விட்டது.

"நேத்து ஊற வெச்சது கண்ணு, மிதிச்சிடாத" என்றார் அந்த அம்மா. எழுபதைத் தாண்டியவர்.

துவரையின் தோலுக்கும் பருப்புக்கும் நடுவில் ஒரு பசை உண்டு. மற்றப் பயறுகளைவிட இது உடைய அடம்பிடிப்பது அதனால்தான். ஆலையில் தோலைக் கீறி, எண்ணெய் பூசி, தண்ணீர் தெளித்துக் காயவைத்து அந்தப் பிடியைத் தளர்த்துகிறார்கள். இங்கே செம்மண். ஊறிய துவரையில் மண்குழம்பைப் பிசறி, இரவு முழுக்கக் குவித்து மூடிவைத்து, பிறகு வெயிலில் பரப்புகிறார். பருப்பு காய்ந்து சுருங்கும்போது தோல் விட்டுக்கொடுக்கிறது. மண்ணைச் சலித்தெடுத்த பின், ஒன்றை எடுத்துக் கடித்துப் பார்த்தார். "கடக்குன்னு ரெண்டாப் போவணும். பல்லுல ஒட்டினா இன்னொரு வெயில் போடணும்."

அப்புறம் திருகை. மாமியார் கொண்டுவந்த கல். முளையில் துணி சுற்றி மேல்கல்லைக் கொஞ்சம் தூக்கி வைத்திருந்தார். இல்லையென்றால் பருப்பு நொறுங்கிவிடும். கல்லைக் கொத்தி நாளாயிற்று போலிருக்கே என்றேன். "கொத்தின கல்லு மாவுக்கு. பருப்புக்கு மழுங்கின கல்லுதான்" என்றார். வலக்கை சுற்ற, இடக்கை குழியில் துவரையைக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டது. பார்வை கல்லிலேயே இல்லை. சத்தம் மாறினால் இடக்கை நிற்கிறது, வலக்கை மெதுவாகிறது. என்னையும் சுற்றச் சொன்னார். நான் சுற்றியதில் பாதி நொய். பேரன் சிரித்தான், அவர் சிரிக்கவில்லை, நொய்யைத் தனியாக எடுத்து வைத்தார்.

நொய்தான் நட்டம். தோலும் முளையும் போக நூற்றுக்கு ஏறத்தாழ 85 பங்கு பருப்பு தேற வேண்டும். ஆலைகளிலேயே 70, 75தான் தேறுகிறது; மீதி தூளாகவும் குருணையாகவும் போகிறது.

இத்தனைக்கும் அவருக்குக் கிடைப்பது படிக்கு இவ்வளவு என்று கூலி மட்டும். துவரை மகன் கொல்லையில் விளைந்ததுதான். ஆனால் ஆடியில் விதைக்கும் உழவுக்கும் முன்பணம் கொடுத்த வியாபாரிக்கு அது தையிலேயே எடை போடப்பட்டுவிட்டது. ஈரம், கல், தூசி என்று கழிவு வேறு. 2025-26 பருவத்துக்கு மத்திய அரசு அறிவித்த ஆதரவு விலை குவிண்டாலுக்கு 8,000 ரூபாய் என்று சொன்னேன். "அது எந்த ஊர்ல குடுக்கறாங்க?" என்று மகன் கேட்டார். கிண்டல் இல்லை, நிஜமாகவே கேட்டார். இதே பருப்பு சென்னையில் அழகான காகிதப்பையில் 'செம்மண் கட்டியது' என்ற அச்சோடு, ஆலைப் பருப்பைவிடக் கூடுதல் விலைக்குப் போகிறது. மண் கட்டிய கைக்கு அந்தக் கூடுதலில் ஒரு பைசா வருவதில்லை. வியாபாரி இல்லாவிட்டால் சரக்கை யார் வாங்குவார் என்று வாதாடுபவர்களைத் தெரியும். வாங்கட்டும். ஆடியில் கடன் கொடுத்த ஒரே காரணத்துக்காகத் தையில் விலையும் அவரே சொல்வதற்குப் பெயர் வியாபாரமா? கூட்டுறவுச் சங்கத்தில் உரிய நேரத்தில் பயிர்க்கடன் கிடைத்தாலே பாதிக் கழுத்துப்பிடி தளரும்.

கிளம்பும்போது திண்ணை மூலையில் செம்மண் பூசிய துவரை இன்னொரு மூட்டை இருந்தது. விதைக்காம், மண் பூசி வைத்தால் வண்டு அண்டாது. வியாபாரி அதற்கும் விலை கேட்டாராம்.

"நீங்க என்ன சொன்னீங்கம்மா?"

"குடுத்துட்டு, ஆடியில அதையே அவன்கிட்ட கடனா வாங்கறதா? போய்யான்னுட்டேன்."