கடவுளோடு மல்லுக்கு நின்றவர்

நிக்கோஸ் கசன்சாகிஸை நம்மில் பலர் ‘சோர்பா’ திரைப்படத்தின் வழியாகவே அறிந்திருப்போம். 1964இல் வெளிவந்த அப்படத்தில் ஆண்டனி குவின் கடற்கரையில் ஆடும் ஆட்டம், கதையை எழுதியவரையே மறைத்துவிட்டது. எழுதியவருக்கு மிஞ்சியது ‘திருச்சபை விலக்கிய நாத்திகர்’ என்ற பட்டம். வெள்ளிக்கிழமை தவறாமல் கோயிலுக்குப் போகும் குடும்பத்தில் பிறந்து, விடுதி அறையில் ‘கடவுள் உண்டா?’ என்று விடிய விடிய வாதிட்ட எனக்கு, அந்தப் பட்டமே அவரைப் படிக்கத் தூண்டியது.

படித்தபோது நாத்திகரைக் காணவில்லை. 1883இல் ஒட்டோமான் ஆட்சியின் கீழிருந்த கிரீட் தீவில் பிறந்தவர்; ஏதென்ஸில் சட்டம் பயின்று, பாரிஸில் பெர்க்சோனின் தத்துவ விரிவுரைகளைக் கேட்டவர். கிறிஸ்து, புத்தர், லெனின் என்று மாறி மாறித் தேடினார். 1938இல் வெளியிட்ட ‘ஒடிசி’ காவியம் 33,333 அடிகள்! (முழுவதும் படித்ததாக யாராவது சொன்னால் எனக்குச் சந்தேகம்தான்.)

புயலைக் கிளப்பியது ‘இறுதிச் சோதனை’ நாவல். சிலுவையில் தொங்கும் இயேசுவுக்கு மனைவி, மக்கள், முதுமை என ஒரு சாதாரண வாழ்க்கை கனவாக விரிகிறது. அதை உதறிவிட்டு அவர் சிலுவைக்கே திரும்புகிறார். சோதனை தோற்கிறது, எதிர்த்தவர்களோ சோதனையை மட்டுமே பார்த்தார்கள். 1954இல் வத்திக்கான் அந்நூலைத் தன் தடைநூல் பட்டியலில் சேர்த்தது. கிரேக்கத் திருச்சபையும் கொதித்தது. அவரைச் சபையிலிருந்து விலக்கிவிட்டதாக இன்றும் எழுதுகிறார்கள். உண்மையில், கான்ஸ்டாண்டிநோபிள் தலைமைப்பீடம் அப்படியோர் ஆணையைப் பிறப்பிக்கவே இல்லை. 1957 அக்டோபரில் ஜெர்மனியில் இறந்தவரின் உடலை ஹெராக்லியோனுக்குக் கொண்டுவந்து, புனித மினாஸ் பேராலயத்திலேயே இறுதி வழிபாடு நடத்தினார்கள். பழைய வெனிசியக் கோட்டை மதிலின்மேல் இருக்கும் அந்த ‘நாத்திகர்’ கல்லறையில் நிற்பது ஒரு மரச்சிலுவை!

நான் பழைய புத்தகக் கடையில் வாங்கிய பிரதியைக் கிறிஸ்தவத் தோழி ஒருத்தி இரவல் கேட்டாள். வீட்டுக்குத் தெரிந்தால் வம்பு என்று நாளிதழில் அட்டை போட்டுக்கொண்டு போனாள். மூன்று வாரம் கழித்துத் திருப்பித் தந்தாள், ஒன்றும் பேசவில்லை. கடைசி அத்தியாயத்தைப் புரட்டினேன். இயேசு கனவிலிருந்து விழித்துச் சிலுவையில் தம்மைக் காணும் இடத்தில், பென்சிலால் மெல்லியதாக ஒரு கோடு.