அத்தையாரின் புத்தக அலமாரி

நூல்களை உயர்ந்தன, தாழ்ந்தன எனத் தட்டுத் தட்டாக அடுக்கிவைத்தல் கற்றோர்க்கு நெடுநாட் பழக்கம். வரலாறும் தன்சரிதமும் பயணநூலும் அறிவு தருவன. சரித்திரக் கதைகள் அரசர் பெயரைச் சுமந்து வருதலால் ஒருவாறு பொறுக்கத்தக்கன. காதற்கதைகளோ பொழுதை வீணாக்குவன. இவ்வாறு யாரோ என்றோ வகுத்துவிட்டனர். செம்பாக்கத்தில் ஏரிக்கு அணித்தாயுள்ள எம் அத்தையார் இல்லத்தில் ஒரு தேக்கு அலமாரி உளது. அதனை நிரப்பிய எம் மாமா, காலஞ்சென்றவர், இவ்வகுப்பினை எழுத்துக்கு எழுத்துப் பின்பற்றினார். மேல் தட்டில் உ. வே. சாமிநாதையரின் 'என் சரித்திரம்', ஏ. கே. செட்டியாரின் பயண நூல்கள், சதாசிவ பண்டாரத்தாரின் 'பிற்காலச் சோழர் சரித்திரம்'. நடுத்தட்டில் கல்கியும் சாண்டில்யனும். நிலத்தை ஒட்டிய அடித்தட்டில் அத்தையார்க்குரியவை: லட்சுமி, ரமணிசந்திரன், பெயரட்டை கிழிந்த பற்பல மாதநாவல்கள், வார இதழ்களினின்று பிரித்தெடுத்து ஊசிநூலால் தைத்த தொடர்கதைகள். மேலிரு தட்டுக்களுக்கும் மாமா ஒரு பதிவேடு வைத்திருந்தார். அடித்தட்டுக்குப் பதிவேடு இல்லை.

இவ்வகுப்பு எத்துணைப் பொருந்தும் என்று சற்று ஆராய்வாம். தமிழ் நாவலின் பிறப்பே காதலும் மணமும் குடும்பமும் பற்றியதன்றோ? மாயூரம் முன்சீபாக இருந்த வேதநாயகம் பிள்ளை 1879-இல் வெளியிட்ட பிரதாப முதலியார் சரித்திரத்தில் கதையை நடத்திச் செல்பவள் ஞானாம்பாளே. 'கமலாம்பாள் சரித்திரம்' எழுதிய ராஜம் ஐயரும், 1898-இல் 'பத்மாவதி சரித்திரம்' வெளியிட்ட மாதவையாவும் சென்னைக் கிறித்தவக் கல்லூரியிற் பயின்றவர்கள். அக்கல்லூரி அப்பொழுது பட்டணத்தில் இருந்தது. தாம்பரத்துக்கு வந்தது 1937-இல். அங்கே தமிழ் கற்பித்த சூரியநாராயண சாஸ்திரியார், பரிதிமாற் கலைஞர் என நாம் போற்றுபவர், தாமும் 'மதிவாணன்' என்னும் நாவல் எழுதினார். மாதவையாவோ உப்பு, ஆயத் துறையில் உத்தியோகம் பார்த்துக்கொண்டே பெண்கல்விக்காகவும் விதவையர் துயர் குறித்தும் கதை எழுதியவர். 1925-இல் பல்கலைக்கழகச் செனட் மன்றத்தில், பி. ஏ. வகுப்பிற்குத் தமிழைக் கட்டாயமாக்க வேண்டும் என்று பேசிய அப்பொழுதே மயங்கி உயிர் துறந்தார். தமிழின் முதற் சரித்திர நாவல் எனப்படும் 'மோகனாங்கி'யும் (1895), திருகோணமலைச் சரவணமுத்துப் பிள்ளை நாயக்கர் காலத்தைக் களமாகக் கொண்டு புனைந்த காதற்கதையே. ஆகவே நடுத்தட்டும் அடித்தட்டும் ஒரே வீட்டுப் பிள்ளைகள்.

பெண்பாலார் எழுதியவை இன்னும் வியப்புக்குரியன. வை. மு. கோதைநாயகி அம்மாள் தம் முதல் நாடகத்தைத் தாமே எழுத இயலாமல், சொல்லச் சொல்லத் தோழியொருவர் எழுதினார். பிறகு நூற்றுக்கு மேற்பட்ட நாவல்கள் இயற்றி 'ஜகன்மோகினி' இதழையும் நெடுங்காலம் நடத்தினார். அத்தையாரின் தாயார் திண்ணைப் பள்ளியையும் கண்டவரல்லர். எழுத்துக் கூட்டி வாசிக்கக் கற்றது அவ்விதழ் கொண்டே என்பர். எந்த இலக்கண நூலும் அக்குடும்பத்திற்கு அவ்வுதவி செய்ததாக யாம் கேட்டிலேம்.

2015-ஆம் ஆண்டு டிசம்பர் முதல் நாள் பெய்த மழையை இப்பகுதியார் மறவார். தாம்பரத்தில் ஒரே நாளில் ஏறத்தாழ 49 சென்டிமீட்டர் பதிவாயிற்று. அன்றிரவு மின்விளக்கு அவிந்தது. கூடத்துள் நீர் புகுந்தது. யாம் அங்கிருந்தோம். வீட்டுப் பத்திரமும் நகையும் முன்னரே பரண் மேல் ஏறிவிட்டன. எஞ்சியது அலமாரி. மேல் தட்டுக்கு ஓர் இடரும் இல்லை, நடுத்தட்டுக்கும் இல்லை. நீர் நாடியது மதிப்பற்றவை என்று தாழ வைக்கப்பட்டவற்றையே. அத்தையார் முழங்காலளவு நீரில் நின்றுகொண்டு, மெழுகுவத்தியை எம் கையிற் கொடுத்துவிட்டு, புடைவைத் தலைப்பில் அள்ளி அள்ளிக் கட்டில் மேற் போட்டார். அண்டை வீட்டு இளைஞர் ஒருவர், "கதைப் புத்தகந்தானே அம்மா, விடுங்கள், மாடிக்கு வாருங்கள்" என்றார். அத்தையார் மறுமொழி சொல்லவில்லை. நாற்பது நூல்கள் வரை கரையேறின. மற்றவை விடியுமுன் கூழாயின.

வெயில் வந்தபின் மாடியில் அவற்றை உலர்த்தினோம். துக்கம் விசாரிப்பார் போல உறவினர் சிலர் வந்தனர். நல்ல நூல்கள் தப்பினவே, போனவை பழைய பேப்பர்க் கடைக்குரியவைதாமே என்று ஒருவர் ஆறுதல் கூறினார். அப்பொழுதுதான் அத்தையார் வாய் திறந்தார். மணமாகி வந்தபோது தமக்கு வயது பத்தொன்பது. கணவர் புலர்வதற்கு முன் மின்சார ரயில் ஏறி இரவில் திரும்புவார். சுற்றிலும் வயல், பேசுவாரில்லை. அந்நாளில் டாக்டராகவும் இருந்த லட்சுமியின் கதைகளில்தான், ஒரு பெண் தானே சம்பாதித்துத் தானே முடிவு செய்வதைத் தாம் கண்டதாகவும், அடுத்த ஆண்டே தையற்பொறி வாங்கித் தொழில் தொடங்கியதாகவும் சொன்னார். மகளின் கல்லூரிக் கட்டணம் அப்பொறியினின்று வந்தது என்பது எமக்கு அன்றுவரை தெரியாது. வந்தவர் காப்பியைக் குடித்துவிட்டு எழுந்தார்.

இனி, கதை படிப்பார் கனமான நூல் படியார் என்னும் கூற்றையும் பார்ப்போம். பொன்னியின் செல்வனை அத்தையார் மும்முறை முடித்தவர். மூன்றாம் முறை முடித்தபின், நந்தினி மெய்யாகவே இருந்தாளா என்று எம்மை வினவினார். இல்லை, அவள் கல்கியின் படைப்பு என்றோம். அங்ஙனமாயின் ஆதித்த கரிகாலனைக் கொன்றவர் யாவர் என்றார். பண்டாரத்தாரை இறக்கிக் கொடுத்தோம். நான்கு திங்கள் பென்சிலும் கையுமாக வாசித்தார். உடையார்குடிக் கல்வெட்டு, இராசராசனின் இரண்டாம் ஆட்சியாண்டைச் சார்ந்தது. சோமன், ரவிதாசன், பரமேசுவரன் ஆகியோரைத் துரோகிகள் எனக் கூறி, அவர்தம் உறவினர் உடைமையையும் பற்றிப் பேசுவது. கதையில் ரவிதாசனைக் கண்டபோது அது புனைபெயர் என்றே எண்ணியிருந்த அத்தையார், கல்லில் அவன் பெயரைக் கண்டு அன்றிரவு உறங்கவில்லையாம். அக்கொலையில் உத்தம சோழனுக்குப் பங்குண்டென நீலகண்ட சாஸ்திரியார் ஐயுற்றார். பண்டாரத்தார் அதனை மறுத்தார். அத்தையார் பண்டாரத்தாரை மதித்தும் அவர் முடிவை ஏற்கவில்லை. கொலைக்கும் கல்வெட்டுக்கும் இடையே ஏறக்குறையப் பதினைந்தாண்டு கழிந்திருக்க, அவ்வளவு காலம் ஆண்டவர் என் செய்துகொண்டிருந்தார் என்பது அவர் கேள்வி. அக்கேள்விக்கு யாம் சொன்ன சமாதானம் எதுவும் இதுகாறும் அவரிடம் எடுபடவில்லை. நந்தினியின் பொருட்டு ஒருவர் கல்வெட்டு வரை நடந்தார் என்பது மட்டும் கண்கூடு.

ஒவ்வொரு நூலுக்கும் அதனதன் வாசகர் உளர் என்னும் கருத்தினை நூலகவியலின் அடிப்படை விதிகளுள் ஒன்றாக 1931-இல் வகுத்த அரங்கநாதனாரும் கிறித்தவக் கல்லூரி மாணவரே. அவர் முயற்சியால் 1948-இல் சென்னை மாகாணத்தில் எழுந்த பொது நூலகச் சட்டமே ஊர்தோறும் கிளை நூலகம் தோன்ற அடிகோலியது. அவ்விதியில், இன்ன வாசகர் தாழ்ந்தவர் என்னும் விலக்கு எதுவும் இல்லை.

அலமாரி இப்பொழுது வேறு வரிசையில் உளது. அடித்தட்டில் பித்தளைக் குடமும் அண்டாவும் அமர்ந்திருக்கின்றன. நீர் வந்தாலும் அவற்றிற்குக் குறைவில்லை. 'என் சரித்திர'த்தின் தோளை ஒட்டி, வீங்கிய தாளும் கறைபட்ட ஓரமுமாக லட்சுமி இருக்கிறார். அத்தையார் தாமே ஒரு பதிவேடு தொடங்கி, வெள்ளத்திற் போனவற்றை நினைவிலிருந்து எழுதியுள்ளார். பல்லாவரத்து வெள்ளிக்கிழமைச் சந்தையில் பழம்புத்தகம் விற்பார் சிலர் உளர். அப்பட்டியலும் குடையுமாக அவருடன் யாமும் செல்வதுண்டு. பதினேழு இன்னும் அகப்படவில்லை. சென்ற முறை ஒன்று கிடைத்தது. முதற்பக்கங்கள் எட்டு இல்லை. யாம் தயங்கினோம். தொடக்கம் தமக்கு மனப்பாடம் என்று கூறி, அவ்வெட்டுப் பக்கத்துக்கும் சேர்த்து விலையைக் குறைத்துத் தருமாறு கடைக்காரரிடம் வழக்காடத் தொடங்கினார்.