வாடகை வாங்கினா வம்பு

மதுரையில சித்தப்பாவோட கடையில ஜெராக்ஸ் கடை வச்சிருக்கிறவருக்கு மூணு வருஷ ஒப்பந்தம் சித்திரையோட முடிஞ்சிருச்சு. காலி பண்ணச் சொன்னா, "அட்வான்ஸ்ல கழிச்சுக்கங்கண்ணே, தீபாவளி வரைக்கும் ஓட்டிக்கிறேன்"னார். முடியாதுன்னதும் பழையபடி ஜிபேல வாடகையைத் தட்டிவிட ஆரம்பிச்சிட்டார். வர்ற காசை ஏன் விடணும்னு சித்தப்பாவும் பேசாம இருந்துட்டார்.

வக்கீல் தலையில அடிச்சுக்கிட்டார். 1882 சொத்து மாற்றுச் சட்டத்துல 116-ஆவது பிரிவுனு ஒண்ணு இருக்கு. கெடு முடிஞ்ச பிறகும் வாடகையை வாங்கிக்கிட்டா, பொதுவா அது மாசாமாசம் தொடர்ற வாடகையா ஆயிடும். அப்புறம் 106-ன்படி 15 நாள் நோட்டீஸ்ல இருந்து தொடங்கணும்.

"ராத்திரியோட ராத்திரியா பூட்டைப் போடு, கரண்டைப் புடுங்கு"னு சொந்தக்காரங்க ஆளாளுக்கு யோசனை சொன்னாங்க. இவங்க பேச்சைக் கேட்டா நாமதான் குற்றவாளிக் கூண்டுல நிக்கணும். 2017 தமிழ்நாட்டு வாடகைச் சட்டப்படி தண்ணி, கரண்டை நிறுத்தவே கூடாது.

கடைக்காரர் மேலயும் எனக்குப் பெருசா கோபமில்ல. பக்கத்துக் காலேஜ் பிள்ளைங்க பூரா அவர்கிட்டதான் புராஜெக்ட் பைண்டிங் போடுதுங்க. ரெண்டு தெரு தள்ளிப் போனா யாரு தேடி வருவா?

கடைசியா வக்கீல் கேட்டார்: "அவர் நாளைக்கே சாவியை நீட்டினா, அட்வான்ஸைத் திருப்பித் தரக் கையில பணம் இருக்கா?"

சித்தப்பா அந்தப் பணத்துலதான் மாடி எடுத்திருக்கார்.